அந்தோனியோ ஹோசே தே சுக்ரே (1795–1830)

தென் அமெரிக்க விடுதலைப் போர்களின் முன்னணித் தளபதிகளுள் ஒருவர். பொலிவியாவின் தொடக்கக் காலக் குடியரசுத் தலைவர். இன்றைய வெனிசுலாவின் கடற்கரை நகரான குமனாவில், 1795 பிப்ரவரி 3 அன்று படைத்துறைக் குடும்பமொன்றில் பிறந்தார். கராகாசில் படைப் பொறியியல் பயின்று, பதினைந்து பதினாறு வயதிலேயே ஸ்பானிய ஆட்சிக்கு எதிரான படையில் சேர்ந்தார். வரலாற்று நூல்கள் பலவும் அவரைச் சீமோன் பொலிவாரின் வலக்கை என்றும், அயாகுச்சோ போரின் வெற்றியாளர் என்றும் குறிப்பிட்டு நின்றுவிடுகின்றன. அவருடைய தனிச் சிறப்பு போரை வென்றதைவிடப் போரை முடித்து வைத்ததில் இருக்கிறது என்பதற்கு அவர் வாழ்க்கையிலேயே சான்றுகள் உள்ளன.

அந்த விடுதலைப் போர் எத்தகையது என்று பார்த்தால்தான் இது விளங்கும். 1813 ஜூன் மாதம் துருகியோ நகரில் பொலிவார் சாவுவரைப் போர் என்ற ஆணையைப் பிறப்பித்தார். விடுதலைக்குத் துணை நிற்காத ஸ்பானியர்களுக்கு மரணம் என்றது அது. எதிர்த்தரப்பில் போவெஸ் என்ற தளபதியின் குதிரைப்படை ஊர் ஊராகக் கொன்று குவித்தது. 1814-இல் நடந்த அந்தப் படுகொலைகளில் சுக்ரே தம் குடும்பத்தினர் பலரை இழந்தார். பழிவாங்க அவரைவிடக் காரணம் உள்ளவர்கள் குறைவு. ஆயினும் 1820 நவம்பரில் அதே துருகியோ நகரில், ஸ்பானியத் தளபதி மொரியோவின் தரப்போடு பேச பொலிவார் அனுப்பிய மூவருள் சுக்ரேயும் ஒருவர். கைதிகளைக் கொல்லாமல் மாற்றிக்கொள்வது, காயம்பட்டவர்களுக்கு மருத்துவம் பார்ப்பது, இறந்தோரை முறைப்படி அடக்கம் செய்வது, ஊர் மக்களைத் துன்புறுத்தாமல் விடுவது என அங்கே எழுதப்பட்ட ஒப்பந்தத்துக்கு, அப்போது இருபத்தைந்தே வயதான அவர் பங்களிப்பு கணிசமானது.

1822 மே 24 அன்று பிச்சிஞ்சா எரிமலைச் சரிவில் வென்று கீட்டோவை விடுவித்தார். 1824 டிசம்பர் 9 அன்று பெருவின் மலைநாட்டில், கடல்மட்டத்திலிருந்து மூவாயிரம் மீட்டருக்கும் மேலான கினுவா சமவெளியில் அயாகுச்சோ போர் நடந்தது. ஏறத்தாழ ஆறாயிரம் வீரர்களுடன் சுக்ரே நின்றார்; ஒன்பதாயிரத்துக்கும் மேற்பட்டோருடன் ஸ்பானிய அரசப்படை கொந்தோர்குங்கா மலையிலிருந்து இறங்கிவந்தது. சண்டை தொடங்குமுன் இரு படைகளிலும் இருந்த உறவினர்கள் நடுவெளியில் சந்தித்துத் தழுவிக்கொள்ள அனுமதிக்கப்பட்டனர். அது உள்நாட்டுப் போராகவும் இருந்தது என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது. மலையிலிருந்து இறங்கிய அணிகள் சீராக அமையுமுன்னே தாக்கி, சில மணி நேரத்தில் வென்றார் சுக்ரே. வைஸ்ராய் லா செர்னா காயத்துடன் பிடிபட்டார். ஆனால் அன்று கையெழுத்தான சரணடைவு ஒப்பந்தத்தையே அந்நாளின் பெருஞ்செயலாகக் கொள்ள வேண்டும். ஊர் திரும்ப விரும்பிய ஸ்பானியர்களுக்குப் பெரு அரசின் செலவில் கப்பல் பயணம். தங்க விரும்பியவர்களுக்கு அதே பதவி. முன்பு எந்தப் பக்கம் நின்றார் என்பதற்காக எவருக்கும் தண்டனை இல்லை.

இந்தத் தாராளம் பலன் தரவில்லை என்று வாதிடலாம். பெருவின் கல்யாவோ கோட்டையை ஸ்பானியத் தளபதி ரோதில் 1826 ஜனவரி வரை விடவில்லை. மேல் பெருவில் (பின்னாளைய பொலிவியாவில்) அரசப்படைத் தளபதி ஒலஞேத்தா ஒப்பந்தத்தை ஏற்கவே இல்லை. ஆனால் ஒலஞேத்தாவின் படை தானே கலைந்தது; 1825 ஏப்ரலில் அவர் மாண்டது தம் தரப்பிலிருந்து பிரிந்தவர்களோடு நடந்த மோதலில்தான். சரணடைந்தால் உயிரும் பதவியும் மிஞ்சும் என்று தெரிந்த படைவீரர்கள் கடைசிவரை போராட வேண்டிய தேவை இருக்கவில்லை.

இதைவிடக் கடுமையான மறுப்பு, இன்றைய கொலம்பியாவின் தெற்கிலுள்ள பாஸ்தோ நகரில் நடந்தது. 1822 டிசம்பரில் அரச ஆதரவுக் கிளர்ச்சியை அடக்க அங்கே நுழைந்த அவருடைய படை, கிறிஸ்துமஸ் நாள்களில் ஊரைச் சூறையாடியது. பெண்கள் உட்பட நூற்றுக்கணக்கானோர் கொல்லப்பட்டனர். தலைமை சுக்ரேயுடையது, பொறுப்பும் அவருடையதே. போர்க்கால வெறி என்று சொல்லி இதைக் கடந்துபோக முடியாது, ஏனெனில் அத்தகைய வெறிக்குத் தடை போடும் ஒப்பந்தத்தை எழுதியவர்களுள் அவரும் ஒருவர். இந்தக் களங்கம் அவருடைய மற்றச் செயல்களைப் பொய்யாக்கவில்லை. அவர் கொள்கை எங்கே தோற்றது என்பதைக் காட்டுகிறது.

அவர் வெறும் வலக்கை அல்லர் என்பதற்கு 1825 பிப்ரவரி 9 ஆணை சான்று. மேல் பெருவின் எதிர்காலத்தை அம்மாகாணங்களின் பேராளர்களே தீர்மானிக்கட்டும் என்று லா பாசில் அவர் அறிவித்தபோது பொலிவார் முதலில் சினந்தார், பிறகு இணங்கினார். அதே ஆண்டு ஆகஸ்ட் 6 அன்று பொலிவியா பிறந்தது. தலைவராக அவர் சிறு மடங்களை மூடி, அந்தச் சொத்தைப் பள்ளிகளுக்குத் திருப்பினார். பழங்குடியினரின் தலைவரியை நீக்கும் முயற்சியோ கருவூல நெருக்கடியில் விரைவிலேயே கைவிடப்பட்டது. 1828 ஏப்ரலில் சுகிசாகாவில் கலகக்காரர்கள் சுட்டதில் வலக்கை காயமுற, சில மாதங்களில் பதவி விலகினார். மறு ஆண்டு பிப்ரவரியில், பெருங் கொலம்பியாவுக்கும் பெருவுக்கும் மூண்ட போரில், தார்கியில் பெருவின் படையை வென்றபோதும், போருக்கு முன் முன்வைத்த நிபந்தனைகளைவிட அதிகமாக எதையும் கேட்கவில்லை.

1830-இல், பெருங் கொலம்பியக் குடியரசு உடையாமல் காக்கக் கூடிய பேரவைக்குத் தலைமை தாங்கிவிட்டுக் கீட்டோவிலிருந்த மனைவியிடமும் மகளிடமும் திரும்பும் வழியில், ஜூன் 4 அன்று, பாஸ்தோவுக்கு அருகே பெர்ருவேகோஸ் காட்டில் மறைந்திருந்தவர்கள் அவரைச் சுட்டுக் கொன்றனர். வயது முப்பத்தைந்து. அக்குற்றத்துக்காக அப்போலினார் மொரியோ என்பவர் 1842-இல் சுட்டுக் கொல்லப்பட்டார். ஏவியவர் என்று சந்தேகிக்கப்பட்டவர்களுள் ஒபாந்தோ நியூ கிரனடாவின் தலைவரானார். ஃபுளோரெஸ் எக்குவடோரை ஆண்டார்.