விகதகுமாரனின் கதாநாயகி

மலையாளத்தின் முதற் படம், ஜே. சி. தானியேல் திருவனந்தபுரத்தில் ஆக்கிய ‘விகதகுமாரன்’ என்னும் ஊமைப்படமாகும். இலங்கைக்குக் கடத்தப்பட்ட சிறுவனொருவனின் கதை அது. திரையிடப்பெற்ற ஆண்டு 1928 என்பாரும் 1930 என்பாரும் உளர். அதன் கதாநாயகி பி. கே. ரோசி, காக்காரிசி என்னும் நாட்டுக்கூத்திற் பயின்றவர். ஒடுக்கப்பட்ட புலையர் குலத்திற் பிறந்தவர். அவர் நாயர்குலப் பெண்ணாகத் தோன்றியதை மேற்சாதியார் பொறுத்திலர். அரங்கிற் கல்லெறி நிகழ்ந்தது. ரோசி ஊரைவிட்டகன்று தமிழ்நாட்டில் மறைந்து வாழ்ந்தார்.

ஊமைப்படத்திற் குரலில்லை; பிறப்பைக் காட்டிக்கொடுக்கும் பேச்சுமில்லை. ஆகவே, பார்த்தோர் சினந்தது அவர் இன்னார் என முன்னரே அறிந்திருந்தமையாலேயே என்பது தெளிவு. படச்சுருளும் பின்னர் அழிந்துபட்டது. நெடுங்காலம் மறக்கப்பட்டிருந்த அவர் பெயரை, 2019இற் கேரளத்துத் திரைப்படப் பெண்கலைஞர் தாம் நிறுவிய படக்கழகத்துக்குச் சூட்டினர்.