ஆலைச் சிறுவன் தொகுத்த அகராதி

லண்டன் வட்டாரப் பேச்சு, அச்சுக்கூடத்தின் துணையோடு இங்கிலாந்து முழுமைக்கும் எழுத்து மொழியாக உயர்ந்ததைச் சென்ற வாரம் பார்த்தோம். அந்த உயர்வின் மறுபக்கம் வேதனையானது. மற்ற வட்டாரத்தார் பேசியதெல்லாம் கொச்சை, படிக்காதவர்கள் சிதைத்த ஆங்கிலம் என்று கற்றவர் சபை ஒதுக்கியது. அந்தத் தீர்ப்பைத் திருத்தி எழுதியவர்களுள் முதன்மையானவர், பதினைந்து வயதுவரை எழுத்தறியாத ஓர் ஆலைத் தொழிலாளி.

ஜோசப் ரைட் 1855-ல் யார்க்‌ஷயரில், பிராட்ஃபோர்டு நகருக்கு அருகே பிறந்தார். ஆறு வயதில் கல்குவாரியில் கழுதைவண்டி ஓட்டினார். அடுத்த ஆண்டே சால்ட்டேர் கம்பளி ஆலையில், நூல் நிரம்பிய பாபின்களைக் கழற்றிவிட்டு வெற்றுப் பாபின்களை மாட்டும் வேலைக்குப் போனார். 1870-ல் பிரான்சுக்கும் பிரஷ்யாவுக்கும் போர் மூண்டது. பத்திரிகையில் வரும் போர்ச் செய்தியைத் தானே படிக்க வேண்டும் என்ற ஆசை அவரைப் பிடித்துக்கொண்டது. பைபிளையும் ஜான் பனியனின் ‘பில்கிரிம்ஸ் பிராக்ரஸ்’ நூலையும் எழுத்துக்கூட்டிப் படித்தார். பிறகு இரவுப் பள்ளி. 1876-ல், சேர்த்து வைத்த பணத்தோடு கடல் கடந்து, ஆன்ட்வெர்ப்பிலிருந்து ஜெர்மனியின் ஹைடல்பெர்க் வரை நடந்தே போனார். 1885-ல் அந்நகரின் பல்கலைக்கழகமே அவருக்கு டாக்டர் பட்டம் அளித்தது.

அப்போது ஜெர்மானிய மொழியியலாளர்கள் ஒரு புதிய கொள்கையை முன்வைத்திருந்தார்கள்: ஒரு மொழியின் ஒலிகள் மனம்போன போக்கில் மாறுவதில்லை, விதிப்படியே மாறுகின்றன. இந்த அளவுகோலை ரைட் தன் சொந்த ஊர்ப் பேச்சின்மேல் வைத்துப் பார்த்தார். 1892-ல் வெளிவந்த அவருடைய விண்ட்ஹில் வட்டார இலக்கணம், ஆலைத் தொழிலாளர் பேச்சின் உயிரொலிகளைப் பழைய ஆங்கிலத்திலிருந்து படிப்படியாக வருவித்துக் காட்டியது. கொச்சை என்று தள்ளப்பட்ட பேச்சுக்கு ஒழுங்கான வம்சாவளி இருந்தது.

இதற்குச் சான்று இங்கிலாந்தின் வடக்கத்தியர் நாவில் இன்றும் இருக்கிறது. ‘கப்’ என்பதை அவர்கள் ‘குப்’ என்பதுபோல் உதடு குவித்துச் சொல்வார்கள். பழைய ஒலிப்பு அதுதான். பதினேழாம் நூற்றாண்டில் மாறியது தெற்குப் பேச்சு, வடக்கு மாறவில்லை. யார்க் நகரம் 866-ல் டேனியர் கைக்குப் போன பிறகு வந்து குடியேறிய ஸ்காண்டிநேவியர்களின் சொற்களும் அங்கே தங்கிவிட்டன. ஓடைக்கு ‘பெக்’, விளையாடுவதற்கு ‘லேக்’ என்ற வழக்குகள் அவர்கள் விட்டுச்சென்றவை.

ஆனால் காலம் நெருக்கியது. 1870-ன் கல்விச் சட்டம் ஊர்தோறும் பள்ளிக்கூடத்தைக் கொண்டுவந்தது. ரயில் மக்களை இடம் மாற்றியது. வட்டார வழக்குகள் மறைவதற்குள் திரட்டிவிட வேண்டும் என்று கேம்பிரிட்ஜ் அறிஞர் ஸ்கீட் 1873-ல் ஆங்கில வட்டார வழக்குச் சங்கத்தைத் தொடங்கினார். அது திரட்டிய சொற்களை அகராதியாக்கும் பொறுப்பு ரைட்டிடம் வந்தது. பணத்தைப் போடப் பதிப்பகங்கள் தயங்கவே, நஷ்டம் வந்தால் தன் தலையோடு போகட்டும் என்று துணிந்து முன்பணச் சந்தாதாரர்களைச் சேர்த்தார் அவர். மனைவி எலிசபெத் மேரி, தானும் மொழியறிஞர், அந்த உழைப்பில் பங்கேற்றார். ஆங்கில வட்டார வழக்கு அகராதி 1898 முதல் 1905 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்தது. இடையில் 1901-ல் ஆலைச் சிறுவன் ஆக்ஸ்ஃபோர்டில் ஒப்பியல் மொழியியல் பேராசிரியர் ஆனார். ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ எழுதிய டோல்கீன் அவரிடம் பாடம் கேட்டவர்.

ரைட் 1930-ல் மறைந்தார். அடுத்த தலைமுறையில் லீட்ஸ் பல்கலைக்கழகத்தின் ஹரால்ட் ஆர்ட்டனும் சூரிச்சின் ஆய்கன் டீத்தும் இன்னொரு பெரும்பணியைத் திட்டமிட்டார்கள். 1950 முதல் 1961 வரை, 313 ஊர்களில், ஆயிரத்து முந்நூறுக்கும் மேற்பட்ட கேள்விகளோடு களப்பணியாளர்கள் முதிய கிராமத்தாரைத் தேடிப் போனார்கள். சொல்லைத் தாங்கள் எடுத்துக்கொடுக்காமல், பொருளைச் சுட்டியோ விவரித்தோ, அவர்கள் வாயிலிருந்தே பெயரை வரவழைத்தார்கள். விடைகளை ஒலிக்குறியீட்டில் எழுதினார்கள். ஒலிநாடாவிலும் பதிவு செய்தார்கள். அந்த விடைகளிலிருந்து உருவான இங்கிலாந்து மொழி நிலப்படத் தொகுப்பு 1978-ல் வெளிவந்தது. எந்த ஒலி எந்த ஊரோடு நிற்கிறது என்பதை அதில் கோடு பிடித்துப் பார்க்கலாம்.

இந்த நூறாண்டு உழைப்பின் முடிவு தெளிவானது. தரமான ஆங்கிலம் தாய்மொழியும் அல்ல, வட்டார வழக்குகள் அதன் கெட்டுப்போன பிள்ளைகளும் அல்ல. எல்லாம் உடன்பிறப்புகள், ஒன்றுக்கு மட்டும் அரசும் அச்சும் வாய்த்தன. உங்கள் வீட்டுப் பெரியவர் சொல்லும் ஊர்ச்சொல்லையும் திருத்தாதீர்கள். அதை எழுதி வையுங்கள்.

(அடுத்த வாரம்: அட்லாண்டிக்கைக் கடந்த ஆங்கிலம்)