தேயிலை மலையும் ஓட்டப் பாதையும்

1982ஆம் ஆண்டு டில்லியில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில், 800 மீற்றர் ஓட்டத்தில் பொற்பதக்கம் பெற்றவர் சார்லஸ் பொரோமியோ என்ற தமிழர். 1 நிமிடம் 46.81 விநாடியில் அவர் அத்தூரத்தைக் கடந்தார். 1984இல் லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கிலும் அதே ஓட்டத்தில் இந்தியாவின் சார்பில் ஓடினார். அங்கே பதக்கம் கிட்டவில்லை. இந்திய அரசு அவருக்கு அர்ஜுனா விருதும் பத்மஸ்ரீ விருதும் அளித்துச் சிறப்பித்தது. தமிழர் ஒருவரின் வெற்றி என்று மகிழ்வதோடு மலையகத்தவராகிய நாம் நின்றுவிடலாகாது. அந்த வாழ்க்கை நம்மை நோக்கி ஒரு கேள்வியையும் எழுப்புகிறது.

பொரோமியோ 1958இல் தேவகோட்டையில் பிறந்தவர். இராமநாதபுரச் சீமையின் ஊர் அது. அந்தச் சீமையிலிருந்தும், புதுக்கோட்டை, திருச்சி, சேலம் வட்டாரங்களிலிருந்தும் வறுமைக்கு அஞ்சி, கங்காணியின் பின்னே கடல் கடந்து, மன்னார்க் காட்டு வழியே நடந்து இம்மலைகளை அடைந்தவர்கள் நம் முன்னோர். கால்களின் வலிமையில் அவருக்கும் நமக்கும் வேற்றுமை கற்பிக்க வழியுண்டோ?

வேற்றுமை வேறிடத்தில் இருக்கிறது. அவருக்கு டாட்டா உருக்காலையில் உத்தியோகம் இருந்தது. அடுத்த வேளைச் சோற்றுக்கு அஞ்சாமல் பயிற்சி செய்ய முடிந்தது. 1976 மொன்றியால் ஒலிம்பிக்கில் 800 மீற்றர் இறுதி ஓட்டத்தில் ஏழாவதாக வந்த ஸ்ரீராம் சிங்கை உருவாக்கிய இல்யாஸ் பாபர், பொரோமியோவுக்கும் பயிற்சியாளராக வாய்த்தார். இவ்விரண்டுக்கும் முற்பட்டது, ஒரு நாட்டின் பிரஜை என்ற உரிமை. எந்த நாட்டுக்கும் பிரஜையாகாதவன் எந்த நாட்டின் சட்டையை அணிந்து ஒலிம்பிக்கில் ஓடுவான்?

இலங்கை முதன்முதலாக ஒலிம்பிக்கில் பங்கெடுத்தது 1948இல், லண்டனில். டங்கன் வைற் 400 மீற்றர் தடையோட்டத்தில் வெள்ளிப் பதக்கம் வென்றார், நாடே களித்தது. அதே ஆண்டில்தான் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் நிறைவேறியது. தோட்டத் தொழிலாளரில் மிகப் பெரும்பாலோர் நாடற்றவராயினர். பொரோமியோ பிறந்த 1958இல் ஹட்டனில் ஒரு லயத்துக் காம்பராவில் பிறந்த குழந்தையை நினைத்துப் பார்ப்போம். காலைப் பெரட்டுக்குத் தாய் போய்விட, பிள்ளைக்காம்பராவில் வளர்ந்து, செங்குத்தான மலைப்பாதையில் ஏறியிறங்கி உரம்பெற்ற அப்பிள்ளையின் கால்களுக்கு, சட்டத்தின் கண்ணில் சொந்த மண் இருக்கவில்லை.

ஆபிரிக்காவிலும் ஒரு தேயிலை மலை உண்டு. கென்யாவின் கெரிச்சோ, நுவரெலியாவைப் போலவே ஆறாயிரம் அடிக்கு மேற்பட்ட உயரம்; அங்கும் வெள்ளைத் துரைமாரின் கம்பெனிகளே தேயிலை பயிரிட்டன. அம்மண்ணின் மைந்தரான வில்சன் கிப்ருகுட் படையில் சேர்ந்து ஓட்டம் பயின்றார். 1964 அக்டோபர் 16ஆம் தேதி டோக்கியோவில் 800 மீற்றரில் வெண்கலம் வென்றார். கென்யா பெற்ற முதல் ஒலிம்பிக் பதக்கம் அது; கென்யா சுதந்திரம் பெற்று அப்போது ஓராண்டுகூட நிறையவில்லை. 1968இல் மெக்சிக்கோவில் வெள்ளியும் வென்றார். டோக்கியோ ஓட்டம் முடிந்து இரண்டே வாரங்களில், அக்டோபர் 30ஆம் தேதி, சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் கையொப்பமாயிற்று. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என நம் மக்கள் கணக்கிட்டுப் பங்கிடப்பட்டனர். 1,50,000 பேரின் கதி பின்னர் பார்த்துக்கொள்வோம் என ஒதுக்கப்பட்டது. ஒரு தேயிலை மலை தன் மகனை உலகுக்குக் காட்டிய அதே மாதத்தில், மற்றொரு தேயிலை மலையின் மக்கள் எந்தக் கரைக்கு உரியவர் என்று பேரம் பேசப்பட்டது!

எஞ்சியிருந்தோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இல்தான் வந்தது. 1948இலிருந்து கணக்கிட்டால் ஐம்பத்தைந்து ஆண்டுகள். மலையகத்தின் குமார் சண்முகேஸ்வரன் இராணுவத்தில் சேர்ந்து, 10,000 மீற்றர் ஓட்டத்தில் தேசிய மட்டத்தில் முதலிடம் பெற்றிருக்கிறார். உரிமையும் உத்தியோகமும் சேர்ந்தால் இந்தக் கால்கள் என்ன செய்யும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

ஆயினும் தோட்டத்தில் சமதரை கண்ட இடத்தில் தொழிற்சாலை நிற்கிறது. சரிவெங்கும் தேயிலை நிற்கிறது. பிள்ளைகள் ஓடுவதற்கு மிஞ்சுவது வண்டிப் பாதைதான். பாடசாலைக்கு ஒரு மைதானம், மைதானத்துக்கு ஒரு பயிற்சியாளர், பிள்ளையின் வயிற்றுக்குச் சத்துள்ள உணவு, அதை வாங்கப் போதிய சம்பளம்: தொழிற்சங்கங்களின் கோரிக்கைப் பட்டியலில் இவையும் ஏறவேண்டும். திறமை பிறக்கும் இடம் லயமாக இருக்கலாம்; அது அங்கேயே மடிய வேண்டும் என்று எந்த விதியும் இல்லை.