கொக்கோ வாணிகமும் அறமும்

நல்லூர்க் கந்தன் திருவிழாக் காலத்துக் கடைகளிற் சிறுவர் விரும்பிக் கேட்கும் பண்டங்களுள் சொக்லேற்றும் ஒன்றாகும். அதன் மூலப்பொருளான கொக்கோ யாழ்ப்பாண மண்ணுக்குரிய பயிரன்று. எனினும் அதன் வரலாறு தமிழருக்குப் புறம்பானதன்று.

1869இல் தோன்றிய இலைநோய் இலங்கையின் கோப்பிப் பயிரை அழித்தபின், தோட்டத்துரைமார் மாத்தளைப் பகுதியிற் கொக்கோவைப் பெருமளவிற் பயிரிட்டனர். மலையகத் தோட்டங்களில் உழைத்த தென்னிந்தியத் தமிழரைப் பிணித்து வைத்தது ‘துண்டு’ எனப்பட்ட கடன்சீட்டாகும். அதிற் குறித்த கடனைப் புதிய தோட்டம் தீர்த்தாலன்றித் தொழிலாளி இடம்மாற இயலவில்லை. 1921ஆம் ஆண்டுச் சட்டமே இம்முறையை ஒழித்தது.

அக்காலத்தில் ஆபிரிக்கக் கொக்கோத் தோட்டங்களிலும் உழைப்போர் சுதந்திரம் இழந்திருந்தனர். சாந்தோமே தீவில் அடிமைமுறை நிலவுவதை 1901இற் கேள்வியுற்ற கட்பரி நிறுவனம், 1909இலேயே அங்குக் கொள்வனவை நிறுத்தியது. மேற்காபிரிக்கத் தோட்டங்களிற் கொடிய சிறுவர் உழைப்பை ஒழிக்க உற்பத்தியாளர் 2001இல் உடன்பட்டனர். எனினும், ஐவரி கோஸ்ற், கானா ஆகிய நாடுகளில் ஏறத்தாழ 15.6 இலட்சம் சிறுவர் கொக்கோ உற்பத்தியில் ஈடுபட்டிருந்தமையை, சிக்காகோப் பல்கலைக்கழகம் சார்ந்த நிறுவனமொன்றின் 2020ஆம் ஆண்டு அறிக்கை காட்டியது.

வாங்குவோரின் மனச்சாட்சி மட்டும் போதாது என்பதற்கு இவை சான்றாகும். மாற்றுவழியைக் காட்டியது தென்னிந்தியக் கமுகு விவசாயிகள் 1973இல் நிறுவிய ‘கம்ப்கோ’ கூட்டுறவுச் சங்கம். 1980ஐ ஒட்டிக் கொக்கோ விலை வீழ்ந்தபோது, அச்சங்கம் விவசாயிகளின் விளைச்சலைக் கொள்வனவு செய்தது. 1986இற் கர்நாடகத்துப் புத்தூரிற் சொந்தச் சொக்லேற்றுத் தொழிற்சாலையையும் அமைத்தது. விளைவித்தோர் விலைபேசும் வலிமை பெறுவதே நியாய வாணிகத்தின் அடித்தளமாகும்.