காணியின் விலையும் கமக்காரனின் இழப்பும்

பொதுத் தேவைக்கென அரசு ஒருவனுடைய காணியைச் சுவீகரிக்கும்போது அவனுக்கு நியாயமான நட்டஈடு வழங்கவேண்டும் என்பதை இன்று எவரும் மறுப்பதில்லை. ஆனால் அந்த நியாயத்தை எந்த அளவுகோலால் அளப்பது? அம்பாறைக் கரையோரத்தில் இவ்வினா இன்னும் தீராத வினாவாகவே உள்ளது.

நம் நாட்டில் நட்டஈட்டின் வரலாறு, அது மறுக்கப்பட்ட வரலாற்றிலிருந்தே தொடங்குகின்றது. 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடும் தரிசும் பயிரிடாது கிடந்த நிலமும், மாறாக நிரூபிக்கப்படும்வரை, முடிக்கே உரியவை எனக் கொண்டது. தலைமுறை தலைமுறையாகச் சேனை செய்துவந்த குடியானவனிடம் உறுதி ஏது? உறுதி இல்லாதவன் அத்துமீறியவன் ஆனான். அத்துமீறியவனுக்கு நட்டஈடு எளிதில் கிட்டவில்லை. 1876இல் காணி சுவீகரிப்புக்கெனத் தனிச் சட்டம் வந்தபோதும், காகிதம் உடையவனே அதனாற் பயன்பெற்றான்.

சுதந்திரத்தின் பின் வந்த 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டமே, திருத்தங்களுடன், இன்றும் நடைமுறையில் உள்ளது. விரும்பி விற்கும் ஒருவன், வர்த்தமானியில் 7ஆம் பிரிவின் அறிவித்தல் வெளியான நாளில், வெளிச்சந்தையில் என்ன விலை பெறுவானோ அதுவே காணியின் சந்தைப் பெறுமதி என்கிறது அதன் 45ஆம் பிரிவு. இவ்விதி இம்மண்ணில் முளைத்ததன்று. முதலாம் உலகப் போரின் பின், பொதுப்பணிகளுக்கு நிலம் தேடிய பிரித்தானிய அரசு, உடைமையாளர் மிகை விலை பெறுவதைத் தடுக்க 1919இல் இதே அளவுகோலைச் சட்டமாக்கிற்று. கட்டாயக் கொள்வனவுக்காக வழக்கமாகச் சேர்த்துவந்த நூற்றுக்குப் பத்தையும் அது நீக்கியது. நிலப்பிரபுவின் பேராசைக்குக் கடிவாளமாகப் பிறந்த விதி, இங்கே இரண்டு ஏக்கர் வயல் வைத்திருக்கும் கமக்காரனின் கழுத்திலும் விழுந்தது.

கல்முனை, சம்மாந்துறை, நிந்தவூர், அக்கரைப்பற்று ஆகிய ஊர்களில் வயல் சந்தைக்கு வருவது அரிது. வீட்டையும் வயலையும் பெண்மக்களுக்குச் சீதனமாகக் கொடுப்பது கீழ்க்கரை வழக்கம். இங்கே வயல் இழந்தவன் விளைச்சலை மட்டுமன்றி, மகளின் வாழ்வுக்கு வைத்திருந்த முதலையும் இழக்கின்றான். விற்பனை நடக்கும் இடத்திலும், முத்திரை வரிக்கு அஞ்சி உறுதியில் விலையைக் குறைத்தெழுதுவோர் உளர். அவ்வுறுதிகளைச் சான்றாகக் கொள்ளும் மதிப்பீடு எங்ஙனம் உண்மை விலையாகும்?

கிடைத்த பணத்தைக்கொண்டு வேறு வயல் வாங்கலாமே எனில், வாங்க நிலம் வேண்டும். 1949இல் தொடங்கிய கல்லோயாத் திட்டத்தினால் மேற்கே புதிய நிலங்கள் திறக்கப்பட்டன. அங்கமைந்த குடியேற்றங்களிற் பெரும்பாலானவை வெளி மாவட்டங்களிலிருந்து வந்தோருக்குச் சென்றன. வந்தவர்களும் நிலமற்ற ஏழைகளே, குற்றம் அவர்களுடையதன்று. எனினும் கடலுக்கும் வயலுக்கும் இடையே நெருங்கி வாழும் கரையோர மக்களுக்குப் பரந்து செல்ல இடம் குறைந்தது.

மற்றொரு குறை, கணக்கில் வராத மனிதர்கள். போடியாரின் காணிக்கு விலை உண்டு. அதில் வாய்ப்பேச்சு உடன்பாட்டில் உழைத்த முல்லைக்காரனுக்கும், அறுவடையை நம்பியிருந்த கூலியாளுக்கும் விசாரணையில் இடம் கிடைப்பது எளிதன்று. 1958ஆம் ஆண்டின் நெற்காணிச் சட்டத்தில் குத்தகை உழவனின் உரிமையை ஏற்ற அதே அரசு, காணியை எடுக்கும்போது உறுதிக்காரனையே முதலில் தேடுகின்றது.

அண்மைக் காலச் சான்று ஒலுவில் துறைமுகம். 2008இல் வேலை தொடங்கியது; 2013இல் திறப்பு விழா நடந்தது. காணி இழந்தோர், மதிப்பீடு குறைவு என்றும் பணம் வந்து சேரவில்லை என்றும் ஆண்டுக்கணக்கில் முறையிட்டனர். அறிவித்தல் நாளின் விலை அசையாது நிற்க, ரூபாயின் மதிப்போ தேய்ந்துகொண்டிருந்தது. பின்னர் கடலரிப்பு ஒலுவில் கரையைத் தின்றது, தென்னைகள் சாய்ந்தன, வள்ளம் இழுத்த மணற்கரை மறைந்தது. அரசு எடுத்த நிலத்துக்கு வர்த்தமானி அறிவித்தல் உண்டு. அலை எடுத்த நிலத்துக்கு எந்தப் பிரிவின்கீழ் அறிவித்தல்? துறைமுக வாயிலை மணல் மூடியமையால், வணிகக் கப்பல்கள் வந்துசெல்லும் துறையாகவும் அது வளரவில்லை. பொதுத் தேவை நிறைவேறாத இடத்தில் தனிமனிதரின் இழப்பு மட்டும் நிறைவேறிற்று.

வேறு வழி இல்லாமலில்லை. இந்தியாவின் 1894ஆம் ஆண்டுச் சட்டம் சந்தை விலைக்கு மேல் நூற்றுக்குப் பதினைந்து சேர்த்தது. 1984இல் அது முப்பதாயிற்று. 2013இல் வந்த சட்டம் நட்டஈட்டை அதனினும் பன்மடங்கு உயர்த்தியதோடு, குத்தகை உழவரையும் விவசாயக் கூலிகளையும் பாதிக்கப்பட்ட குடும்பங்களாக ஏற்றது. இலங்கை அமைச்சரவையும் 2001இல், விருப்பின்றி இடம்பெயர்வோர் பற்றிய தேசியக் கொள்கையில், உறுதி இல்லாதவரையும் நீதியாக நடத்தவேண்டும் என்றும், மாற்றுக் காணி வழங்க வழி வேண்டும் என்றும் ஒப்புக்கொண்டது. அக்கொள்கை சட்டத்தின் வலிமையைப் பெறவேண்டும்.

இழந்தவன் முன்பு வாழ்ந்த நிலையிலேனும் மீண்டும் வாழ முடிகின்றதா என்பதே நியாயத்தின் அளவுகோல். காணிக்குக் காணி, கையேற்குமுன் கொடுப்பனவு, உழைப்பவனுக்கும் பங்கு ஆகிய மூன்றும் சட்டமாகும்வரை, விரும்பி விற்பவன் என்பது ஏட்டில் மட்டும் வாழும் மனிதனாகவே இருப்பான். வயலை இழந்தவன் விரும்பியவனும் அல்லன், விற்றவனும் அல்லன்.