மன்னருக்குச் சட்டை எடுத்துக் கொடுக்கவும் போட்டியா? யார் இந்த நோர்பர்ட் எலியாஸ்?

பிரான்ஸ் மன்னர் 14-ம் லூயி காலையில் எழுந்ததும் அவருக்குச் சட்டையை எடுத்துக் கொடுப்பது, அங்கிருப்பவர்களில் உயர்ந்த அந்தஸ்து உள்ளவருக்கே கிடைக்கும் கௌரவம். வெட்டி பந்தாவா தெரியுதா? அதுதான் அரசியலே என்றார் 1897-ல் பிறந்த ஜெர்மானிய யூத சமூகவியலாளர் நோர்பர்ட் எலியாஸ்.

வெர்சாய் அரண்மனையில் யாருக்கு எந்தச் சலுகை என்பது மன்னர் கையில். அதனால் பிரபுக்களுக்கு ஒருவரை ஒருவர் முந்தவே நேரம் சரியாக இருந்தது. கடைசியில் அதே சடங்குகளுக்குள் மன்னரும் மாட்டிக்கொண்டார் என்பதுதான் எலியாஸின் வாதத்தில் சுவாரஸ்யமான இடம்.

பிராங்க்பர்ட் பல்கலைக்கழகத்துக்காக இந்த ஆய்வை அவர் எழுதி முடித்தது 1933-ல். அதே ஆண்டு ஹிட்லர் ஆட்சிக்கு வர, நாட்டை விட்டே கிளம்ப வேண்டியதாகிவிட்டது. முதலில் பாரிஸ், பிறகு இங்கிலாந்து. லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் வேலை கிடைத்தது 1954-ல்தான். அரசவைச் சமூகம் பற்றிய அந்த ஆய்வு, விரிவாக்கப்பட்டு ஜெர்மன் மொழியில் புத்தகமாக வந்தது 1969-ல். எழுதி 36 ஆண்டுகள் கழித்து!