அம்பலம் ஏறிய சொல்

1956-ஆம் ஆண்டு நவம்பர் 1-ஆம் நாள் மொழிவாரி மாநிலங்கள் அமைந்தபொழுது, திருவிதாங்கூரின் தென் தாலுகாக்களான தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கும் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. நெய்யாற்றின்கரைத் தாலுகா கேரளத்தில் நின்றது, பாறசாலை எல்லையூராயிற்று. 1979-ஆம் ஆண்டில் திருவனந்தபுரத்திற்கும் கன்னியாகுமரிக்கும் இடையே இருப்புப் பாதை திறக்கப்பட்டு, அவ்வெல்லையைக் கடந்து இரயில் ஓடலாயிற்று. அவ்வாண்டு அக்டோபர் 2-ஆம் நாள் திருவனந்தபுரம் கோட்டமும் தோன்றியது. நம்மில் பலருக்கு இரயில்வே சோறிடும் தாயாயிற்று.

எனினும் பாயிண்டு மாற்றுவோரும் சிக்னல் காப்போரும் எஞ்சின் ஓட்டுவோரும் அறிந்த உண்மை ஊரார் செவிக்கு எட்டுவது அரிது. ஏழை சொல் அம்பலம் ஏறாது என்பர். அச்சொல் அம்பலம் ஏறிய வரலாறு ஒன்றை இம்மலரில் உரைக்க விழைகின்றோம்.

1955-ஆம் ஆண்டு அக்டோபர் 2-ஆம் நாள் பிரதமர் நேரு அவர்கள் திறந்துவைத்தது சென்னைப் பெரம்பூர் இரயில் பெட்டித் தொழிற்சாலை. 2016 முதல் 2018 வரை அதன் பொது மேலாளராக விளங்கியவர் திரு. சுதான்ஷு மணி. இரயில்வேயில் பொறியியலாளராகப் பணி புரிந்து உயர்ந்தவர் அவர். தனி எஞ்சின் இல்லாமல், பெட்டிகளின் அடியிலேயே மோட்டார் பொருத்திய பதினாறு பெட்டித் தொடரை, ஏறத்தாழ 18 மாதங்களில் அவருடைய குழுவினர் உருவாக்கினர். 2018-ஆம் ஆண்டில் பிறந்ததால் அது ‘டிரெயின் 18’ எனப் பெயர் பெற்றது. சோதனை ஓட்டத்தில் மணிக்கு 180 கிலோமீட்டர் வேகம் கண்டது. 2019 பிப்ரவரி 15-இல் ‘வந்தே பாரத்’ என்னும் பெயருடன் புதுதில்லியிலிருந்து வாரணாசிக்குப் புறப்பட்டது.

ஓய்வு பெற்ற பின்னர் இரயில் பற்றிய ஐயங்களுக்கு விடை கூறும் வல்லுநராய்த் தொலைக்காட்சிகள் அவரை நாடலாயின. 2023 ஜூன் 2-ஆம் நாள் ஒடிசாவின் பாலேசுவரத்தை அடுத்த பஹானகா பஜாரில், சென்னை நோக்கி வந்த கோரமண்டல் விரைவு வண்டி, நேர்பாதைக்குப் பச்சை விளக்குக் கண்டும், லூப் பாதையில் திரும்பி, அங்கு நின்ற சரக்கு வண்டியில் மோதிற்று. 290-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். இத்தகைய வேளையில் பழி முதலில் தேடிச் செல்வது எஞ்சின் ஓட்டுநரையே. விசாரணை முடியுமுன்பே, ஓட்டுநர் மீது தவறு இருப்பதாகத் தோன்றவில்லை என்று மணி அவர்கள் எடுத்துரைத்தார். பின்னர் இரயில்வே பாதுகாப்பு ஆணையரின் அறிக்கையும், சிக்னல் மின்சுற்றில் முன்பு செய்த மாற்றங்களில் நேர்ந்த பிழையையே காரணமாகக் காட்டிற்று.

மணி உயர் பதவி வகித்தவரே. ஆயினும் அன்று அவர் வாயிலாக அம்பலம் ஏறியது எளிய ஓட்டுநரின் வழக்கன்றோ! பாயிண்டு எங்ஙனம் திரும்பும், சிக்னல் எதனால் பச்சையாகும் என்பதை அறிந்தவர் பேசியதால் அன்றோ அது இயன்றது!

நம் காலனியிலும் தண்டவாளத்தையும் விளக்கையும் காத்து ஓய்ந்த பெரியோர் உளர். தாம் அறிந்ததை அவர்கள் மாலை வேளைகளில் நம் பிள்ளைகளுக்குத் தமிழிலே விளக்கிக் கூற வேண்டும். சங்கம் அதற்கு இடமளித்து ஆவன செய்ய வேண்டும். அறிந்தோர் வாய் மூடியிருப்பின் அறியாதோர் சொல்லே தீர்ப்பாகிவிடும்.